ஹவ்வா அழுகிற காட்சி

ஆகஸ்ட் 5, திங்கள்

தொண்டை டாக்டர் பேச்சைக் குறைக்கச் சொல்லிவிட்டார். ஸ்டூடியோவில் பேசுவது போக மீதி நேரமெல்லாம் வாயை மூடிக்கொண்டிருக்க வேண்டுமாம். கோபம் வந்தால்கூடக் கத்தக் கூடாதாம்.

"அப்ப கோபத்தை எங்க டாக்டர் கொண்டுபோய் வைக்கிறது?" என்று கேட்டேன்.

"எதுலயாவது எழுதி வைங்கம்மா" என்று சிரித்தார்.

மருந்துக் கடைக்காரர் கொடுத்த டைரி பிளாஸ்டிக் உறைகூடப் பிரிக்காமல் கிடந்தது. பிரித்துவிட்டேன். இனி கத்த வேண்டியதையெல்லாம் இதில் கத்துவதாக உத்தேசம்.

முதல் கத்தல் கோவர்த்தனுக்கு. துருக்கி சீரியலைத் தமிழில் பேசவைத்துப் போடுகிறார்களே, அதற்குச் சேனல் அனுப்பிவைத்திருக்கும் அதிகாரி. மரியாதையில் குறையே கிடையாது. 'மேடம், மேடம்' என்று சொல்லிக்கொண்டே கழுத்தை அறுப்பான். நான் அதில் ஹவ்வாவுக்குப் பேசுகிறேன். ஹவ்வா ஒரு பெரிய வீட்டுச் சமையல்காரி. அந்த வீட்டு இளைய பிள்ளை யூசுப்பைத் தூக்கி வளர்த்தவள். இன்று அவள் பருப்பில் கல் பொறுக்கிக்கொண்டே யூசுப்பைத் திட்டும் காட்சியைப் பேசி முடித்துவிட்டு வெளியே வந்தால், அதை வெட்டியாகிவிட்டது என்கிறான்.

"கிழவி வந்தா ஜனங்க சேனல் மாத்திடறாங்க மேடம். டேட்டா அப்படித்தான் சொல்லுது."

கிழவி என்பதை என் முகத்தைப் பார்த்தே சொன்னான். சினிமாவில் நாற்பது வருஷமாக நான் கேட்ட பேச்சுதான் இது. கதாநாயகனுக்கு அம்மா, ஆஸ்பத்திரி நர்ஸ், பக்கத்து வீட்டு விதவை, காபித் தட்டோடு வந்து வைத்துவிட்டுப் போகிறவள். டைட்டிலில் 'மற்றும் பலர்' என்று ஓடும். அந்தப் பலரில் ஒருத்தி தில்லைநாயகி.

ஆகஸ்ட் 8, வியாழன்

கேஸ் சிலிண்டர் வந்தது. லிஃப்ட் ரிப்பேர் என்று கீழேயே வைத்துவிட்டுப் போய்விட்டான். கத்தவில்லை. எழுதிவிட்டேன்.

ஆகஸ்ட் 13, செவ்வாய்

டப்பிங் பேசுகிறவர்களில் அநேகம் பேர் திரையில் உதட்டைப் பார்ப்பார்கள். நான் தொண்டையைப் பார்ப்பேன். ஒரு ஆள் எங்கே மூச்சு இழுக்கிறாள், எங்கே அடக்குகிறாள் என்பதெல்லாம் கழுத்தில் தெரிந்துவிடும். அதைப் பிடித்துக்கொண்டால் உதடு தானாக வந்து ஒட்டிக்கொள்ளும்.

ஹவ்வாவாக நடிக்கும் அந்த அம்மாளுக்கு ஒரு வழக்கம் இருக்கிறது. ஒவ்வொரு வசனத்துக்கும் முன்னால் ஒரு முறை எச்சில் விழுங்குகிறார். பேசலாமா என்று யாரிடமோ கேட்டுக்கொண்டு பேசுவதுபோல. சண்டைக் காட்சியில்கூட அப்படித்தான். இத்தனை மாதமாக அவரோடு சேர்ந்து நானும் விழுங்கி விழுங்கி, இப்போது வீட்டில் காய்கறிக்காரனிடம் பேரம் பேசும்போதுகூட விழுங்கிவிட்டுத்தான் பேசுகிறேன்.

அவர் பெயரே எனக்குத் தெரியாது என்பது இன்றைக்குத்தான் உறைத்தது. சவுண்ட் என்ஜினீயர் பீட்டரிடம் கேட்டேன். பீட்டரும் என்னைப் போலவே இந்தத் தொழிலில் தலை நரைத்தவர். கடைசியில் ஓடும் துருக்கி எழுத்துகளை நிறுத்தி நிறுத்தித் தேடினார்.

"பெல்கிஸ் ஒர்ஹான்லி. ரொம்பக் கீழ வருதும்மா. டிரைவருங்க பேருக்கு முன்னாடி."

மத்தியானம் சுகுணா டப்பாவைத் திறந்து எலுமிச்சை சாதத்தை நீட்டினாள். வீட்டு எஜமானிக்குப் பேசுகிறவள் அவள்தான். எனக்கு ஒரு வயது மூத்தவள். பசியில்லை என்று சொல்லிவிட்டேன். அவள் சமையலில் எப்போதும் உப்பு தூக்கலாக இருக்கும்.

ஆகஸ்ட் 14, புதன்

சுகுணா மேல் எனக்கு ஒன்றும் கிடையாது. உப்புதான்.

ஆகஸ்ட் 19, திங்கள்

ஷாஹிதாவுக்குப் போன் போட்டேன். கீழக்கரைப் பெண். கல்யாணமாகி இஸ்தான்புல்லில் இருக்கிறாள். சீரியல் வசனத்தைத் துருக்கியிலிருந்து தமிழாக்கி அனுப்புவது அவள்தான். நேரில் பார்த்ததில்லை, குரல்தான் பழக்கம்.

"பெல்கிஸ் ஹனிமா? அம்மாங்கறதை இங்க ஹனிம்னுதான் சொல்லுவோம். நல்லாத் தெரியுமே தில்லைம்மா! என் மாமியாளுக்கெல்லாம் அவங்க முகம் அப்படிப் பழக்கம். பேருதான் யாருக்கும் தெரியாது. பழைய படத்துல எல்லாத்துலயும் இருப்பாங்க. ஹீரோயினுக்குத் தோழி, நர்ஸ், வேலைக்காரி."

நர்ஸ் என்றதும் எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. அங்கேயும் தட்டுதான் போலிருக்கிறது.

பிறகு அவள் சொன்னதில் சிரிக்க ஒன்றுமில்லை. அந்தக் காலத்தில் அங்கே படப்பிடிப்பில் சத்தமே பதிய மாட்டார்களாம். காமிராவுக்குப் பின்னால் ஒரு ஆள் நின்று வசனத்தைக் கத்துவான், நடிகர்கள் கேட்டுத் திருப்பிச் சொல்லி வாயசைப்பார்கள். பிற்பாடு நாடகத்துக்காரர்கள் இரண்டு மூன்று பேர் உட்கார்ந்து எல்லோருக்கும் பேசிவிடுவார்கள். பெரிய நடிகைகளுக்கே அப்படித்தானாம்.

"அவங்க குரல் எந்தப் படத்துலயும் வந்ததே இல்ல தில்லைம்மா. எத்தனையோ படம். ஒண்ணுல கூட இல்ல."

எச்சில் விழுங்குவது நினைவுக்கு வந்தது. பின்னால் நிற்கிறவன் கத்தி முடிக்கக் காத்திருந்த தொண்டை அது. அம்பது வருஷமாகியும் காத்துக்கொண்டே இருக்கிறது.

ஆகஸ்ட் 22, வியாழன்

ஷாஹிதா படகேறி, கடல் பிரிக்கிற அந்த ஊரின் அக்கரைக்குப் போய் அந்த அம்மாளையே பார்த்துவிட்டு வந்துவிட்டாள். சினிமா படுத்த காலத்தில் ஆபாசப் படங்களில் நடிக்கக் கூப்பிட்டார்களாம். மாட்டேன் என்று வந்து, பட்டனும் கம்பளி நூலும் விற்கும் சின்னக் கடை வைத்திருக்கிறார். இன்றும் அந்தக் கடை உண்டு, ஷூட்டிங் இல்லாத நாளில் அங்கேதான் உட்காருவாராம்.

எழுபது வயதில் இந்த சீரியலுக்குக் கூப்பிட்டார்கள். முதல் நாள் டைரக்டரிடம், "எனக்கு யார் பேசப் போறாங்க?" என்று கேட்டிருக்கிறார். அந்தப் பையன் சிரித்துவிட்டு, "நீங்கதான்மா, மைக் உங்க சட்டையிலயே இருக்கே" என்றானாம். ஒரு நிமிஷம் என்று சொல்லி வெளியே போய் அழுதுவிட்டு வந்து முதல் ஷாட் நடித்தாராம்.

அப்படி எழுபது வயதில் கிடைத்த குரல். அதை அழித்துவிட்டு அந்த இடத்தில் என் குரலை ஒட்டிக்கொண்டிருக்கிறேன் நான். வாரத்துக்கு ஐந்து நாள். இதில் வேறு பருப்புக் காட்சியில் நன்றாகப் பேசினேன் என்று எனக்கு நானே தட்டிக்கொடுத்துக்கொண்டேன்.

ஆகஸ்ட் 27, செவ்வாய்

யூசுப் சாகிற எபிசோட் வந்துவிட்டது. சுட்டுவிடுகிறார்கள். உடலை முற்றத்தில் கொண்டுவந்து கிடத்துகிறார்கள். பெற்றவள் மயங்கி விழுகிறாள். ஹவ்வா அடுப்படியிலிருந்து ஈரக் கையோடு வருகிறாள். உட்காருகிறாள். பாட ஆரம்பிக்கிறாள்.

அது பாட்டில்லை, ஒப்பாரி. நம் ஊரில் போலவே முன்னும் பின்னும் ஆடுகிறாள். ஒரு வார்த்தைகூட எனக்குப் புரியவில்லை, எல்லாம் புரிந்தது. முக்கியமான ஒன்றைச் சொல்ல வேண்டும்: இந்தக் காட்சியில் மட்டும் அவர் எச்சில் விழுங்கவில்லை. ஒரு தடவைகூட. பீட்டர் ஹெட்போனைக் கழற்றி மேஜையில் வைத்துவிட்டு வெளியே போய்விட்டார்.

ஷாஹிதாவைக் கேட்டேன், அது ஸ்கிரிப்டிலேயே இல்லையாம். அவருடைய அம்மாவின் ஊரில் இழவு வீட்டில் அழுவதை அப்படியே அழுதிருக்கிறார். அங்கே ஒளிபரப்பானபோது பேப்பரில் எழுதினார்களாம். ஷாஹிதாவின் மாமியார் சமையலை அடுப்பில் தீயவிட்டாராம்.

கோவர்த்தன் பார்த்தான். செல்போனை நோண்டிக்கொண்டே பார்த்தான்.

"சூப்பர் மேடம். இதைத் தமிழ் ஒப்பாரியா மாத்திடலாம். ரைட்டர்கிட்ட சொல்லிட்டேன், 'ராசாவே, ரத்தினமே'ன்னு நாலு வரி வந்துடும். க்ளிப் பிச்சுக்கும்."

"தம்பி, இந்த இடத்தை அந்தம்மா குரல்லயே விட்டுடலாம். கீழ எழுத்து போடுங்க."

"நம்ம ஆடியன்ஸுக்குப் புரியாது மேடம்."

"அழுகையில புரியறதுக்கு என்ன இருக்கு?"

"சேனல் டிசிஷன் மேடம்" என்றான். சேனல் எப்போது கூடி எப்போது தீர்மானித்தது? பார்த்து ஐந்து நிமிஷம்கூட ஆகவில்லை.

ஆகஸ்ட் 28, புதன்

எழுதினால் பேனா முனை உடைந்துவிடும். நாளைக்கு எழுதுகிறேன்.

ஆகஸ்ட் 30, வெள்ளி

ஒப்பாரியை என்னால் பேச முடியாது என்று கோவர்த்தனிடம் சொல்லிவிட்டேன். ஹவ்வாவின் மற்ற வசனமெல்லாம் பேசுகிறேன், அவள் அழுவதை மட்டும் தொட மாட்டேன். எதிர்த்துப் பேசுவான் என்று பார்த்தேன். முகம் மலர்ந்துவிட்டது.

"நானே சொல்லலாம்னு இருந்தேன் மேடம். உங்க வாய்ஸ் இப்பக் கொஞ்சம் டயர்டா இருக்கு. இந்த ஒரு சீன் மட்டும் சுகுணா மேடம் பண்ணட்டும். அவங்க அழுகைதான் ஃபேமஸாச்சே. அந்தப் பழைய படத்துல, செத்துப்போன பையனைப் பார்த்து அந்த அம்மா அழுவாங்களே, அது சுகுணா மேடம் வாய்ஸாமே!"

அந்தப் படத்தில் அந்த அம்மா யார் என்று அவனுக்குத் தெரியவில்லை. சொல்லவுமில்லை நான். வெண்டைக்காய் வாங்கிக்கொண்டு வீட்டுக்கு வந்தேன். எல்லாம் முற்றல். ஒவ்வொன்றாக ஒடித்துக் குப்பையில் போட்டேன்.

செப்டம்பர் 2, திங்கள்

கீழ்வீட்டு சரசா டிவியைச் சத்தமாக வைத்திருக்கிறாள். லிஃப்ட் இன்னும் சரியாகவில்லை. தொண்டைக்கு வெந்நீரில் உப்புப் போட்டுக் கொப்பளித்தேன்.

சரி, எழுதியே விடுகிறேன்.

அந்த அம்மா நான்தான். வந்தவாசிப் பக்கம் ஒரு கிராமத்தில் எடுத்தார்கள். பட்டாளத்துக்குப் போன பையன் பெட்டியில் வருகிறான். டைரக்டர், "உங்க ஊர்ல எப்படி அழுவீங்களோ அப்படி அழுங்கம்மா" என்று மட்டும் சொன்னார். அழுதேன். ஒரே டேக். லைட் பிடித்தவர்கள், சமையல் கட்டிலிருந்து எட்டிப் பார்த்தவர்கள், வேடிக்கை பார்க்க வந்த ஊர்ப் பெண்கள் எல்லோரும் அழுதார்கள். தட்டு எடுத்துவந்து வைத்துக்கொண்டிருந்த எனக்கு ஒரு காட்சி கிடைத்துவிட்டது என்று அன்று ராத்திரி எனக்குத் தூக்கமே வரவில்லை.

படம் வந்ததும் சிதம்பரத்தில் அம்மாவையும் சொந்தக்காரர்களையும் கூட்டிக்கொண்டு தியேட்டருக்குப் போனேன். பெட்டி வந்தது. நான் வாயைத் திறந்தேன். வேறு யாரோ அழுதார்கள். அழகான குரல். என் வாய் அசைகிறது, என் கண்ணில் நீர் வழிகிறது, சத்தம் எனதில்லை.

அம்மா இருட்டில் என் பக்கம் திரும்பிக் கேட்டாள்: "உன் குரல் எங்கடி?"

அதற்கு என்ன பதில் சொல்வது? தயாரிப்பாளருக்கு என் குரல் கரகரப்பாகப் பட்டதாம். பாத்திரம் கழுவுகிறவள் மாதிரி இருந்ததாம். பாத்திரம் கழுவுகிறவள் வேஷம்தானேடா கொடுத்தீர்கள்! சொல்லிவிட்டாவது செய்திருக்கலாம். போஸ்டர் ஒட்டுகிறவனுக்குச் சொன்ன தகவலைக்கூட எனக்குச் சொல்லவில்லை. படம் இன்றைக்கும் டிவியில் வருகிறது. பார்க்கிறவர்கள் வழியில் நிறுத்தி, "அந்த அழுகைம்மா, அந்த அழுகை!" என்கிறார்கள். கும்பிட்டுவிட்டு நகர்ந்துவிடுவேன்.

எனக்கு அதெல்லாம் மறந்துபோய் எவ்வளவோ நாளாயிற்று.

செப்டம்பர் 4, புதன்

சாயங்காலம் சுகுணா வந்தாள். மூட்டு வலிக்காரி, மூன்று மாடி ஏறி வந்து நாற்காலியில் விழுந்தாள். தண்ணீர் கொடுத்தேன்.

எங்கள் தொழிலில் ஒரு வழக்கம் உண்டு. ஒருத்தி பேசிக்கொண்டிருக்கிற பாத்திரத்தை, அவள் வாயால் 'சரி, பேசு' என்று சொல்லாமல் இன்னொருத்தி தொட மாட்டோம். எழுதிவைத்த சட்டமில்லை. ஆனால் மீறியவளோடு யாரும் உட்கார்ந்து சாப்பிட மாட்டார்கள். சுகுணா அதைக் கேட்கத்தான் வந்திருக்கிறாள் என்று புரிந்தது.

"கோவர்த்தன் சொன்னான். நீ சரின்னு சொன்னாத்தான் நான் மைக் முன்னாடி நிப்பேன்."

"இப்ப மட்டும் கேக்கத் தெரியுதா?"

வாயிலிருந்து வந்துவிட்டது. இத்தனை வருஷம் ஒரே பெஞ்சில் உட்கார்ந்தும் இதைக் கேட்டதில்லை. அவள் டம்ளரை மெதுவாகக் கீழே வைத்தாள்.

"அப்ப என்னையும் யாரும் கேக்கலடி. வந்து பேசிட்டுப் போம்மான்னாங்க. யாரு நடிச்சதுன்னே எனக்குத் தெரியாது. ரீல் போட்டப்பதான் உன் முகத்தைப் பார்த்தேன்."

"பார்த்துமா பேசினே?"

"பேசினேன். வீட்டுல அடுப்பு எரியணுமில்ல. பேசாம வந்திருந்தா மறுநாள் இன்னொருத்தி பேசியிருப்பா." முட்டியைத் தேய்த்துவிட்டுக்கொண்டாள். "உன் பைலட் ட்ராக்கைப் போட்டுக் காட்டினாங்க தில்லை. ஸ்பாட்ல நீ அழுதது. நாள் பூரா அதையே கேட்டுக் கேட்டு, நீ மூச்சு விட்ட இடத்துல மூச்சு விட்டு, நீ விம்மின இடத்துல விம்மி, உன் பின்னாடியே போனேன். ஃபேமஸ் ஃபேமஸ்ங்கறானே, அதுல என்னோடது ஒண்ணுமே இல்ல."

"நல்லாத்தான் பேசியிருந்தே" என்றேன். எதற்காக அப்படிச் சொன்னேன் என்று தெரியவில்லை. உடனே கோபம் வந்தது. "சரின்னு சொல்ல மாட்டேன் சுகுணா. நீ பேசக்கூடாது. யாருமே பேசக்கூடாது. அந்தப் பொம்பளைக்கு எழுபது வயசுல கிடைச்ச குரல் அது."

பெல்கிஸைப் பற்றி எல்லாவற்றையும் சொன்னேன். டாக்டர் கேட்டிருந்தால் அடித்திருப்பார், அவ்வளவு பேசினேன். சுகுணா முழுசாகக் கேட்டுவிட்டு, கைப்பிடியைப் பிடித்துக்கொண்டு எழுந்தாள்.

"சரி. நீ தொண்டையைக் கெடுத்துக்காதே. நான் நாலு பேருக்குப் போன் பண்ணணும்" என்று இறங்கிப் போனாள்.

செப்டம்பர் 7, சனி

பிள்ளையார் சதுர்த்தி. கொழுக்கட்டை மாவு கையில் ஒட்டிக்கொண்டே இருந்தது. சரசா வீட்டுக்குக் கொடுக்கப் போனால் அங்கே டிவியில் விளம்பரம் ஓடுகிறது: 'வரும் வெள்ளி! ஹவ்வாவின் கதறல்! தமிழகமே அழப்போகிறது!' பெல்கிஸ் வாயைத் திறக்கிற இடத்தில் நிறுத்திவிட்டான்.

"உங்க சீன்தானேக்கா? கர்சீப்பை எடுத்து வெச்சுக்கறேன்" என்றாள் சரசா.

செப்டம்பர் 9, திங்கள்

இன்று நடந்ததை நிதானமாக எழுத வேண்டும்.

காலையில் நான் என் வசனங்களைப் பேசி முடித்தேன். முற்றத்துக்கு வருகிற வரைக்கும் ஹவ்வா என் குரலில். யூசுப்பைப் பார்த்ததும், "என் பிள்ளையை யார் தரையில போட்டது?" என்று கேட்பாள். அதோடு ஸ்கிரிப்டை மடித்துக்கொண்டு வெளியே வந்தேன். கோவர்த்தன் சுகுணாவைப் பார்த்தான்.

"எனக்கு ஜலதோஷம் தம்பி" என்றாள் சுகுணா. மணியாக இருந்தது குரல்.

"காலைல நல்லாத்தானே பேசினீங்க?"

"இப்பதான் பிடிச்சுது."

வேறு ஆளைக் கூப்பிடுகிறேன் என்று பீட்டரையும் கூட்டிக்கொண்டு வெளியே போய் ஸ்பீக்கரில் போன் போட்டான். ஒருத்திக்குக் காய்ச்சல். இன்னொருத்தி காஞ்சிபுரத்தில் இருக்கிறாளாம். அவள் போனில் பேசும்போதே பக்கத்தில் வடபழனி பஸ் கண்டக்டர் கத்துவது கேட்டதாகப் பீட்டர் பிறகு சொன்னார். இன்னொருத்தி நேராகவே, "தில்லைம்மா சரி சொல்லட்டும், வர்றேன்" என்று வைத்துவிட்டாளாம். திரும்பி வந்தபோது அவன் முகத்தில் மேடம் இல்லை.

"ரெண்டு பேரும் சேர்ந்து டிராமா பண்றீங்களா? சீனையே தூக்கிடுவேன்."

"தூக்குங்க" என்றேன். "வெள்ளிக்கிழமை தமிழ்நாடே அழப்போகுதுன்னு நீங்கதான விளம்பரம் போட்டீங்க? எதைக் காட்டுவீங்க? எதைப் பார்த்து அழுவாங்க?"

அதை அவன் யோசித்திருக்கவில்லை. நாற்காலியில் உட்கார்ந்தான். எனக்குச் சந்தோஷமாகத்தான் இருந்தது, பொய் சொல்வானேன்.

பீட்டர் திரையைவிட்டுக் கண்ணை எடுக்காமல் பேசினார்: "ஒரிஜினல் ட்ராக் இருக்கு சார். அந்த இடத்துல மட்டும் அதை ஏத்திடலாம். சாயங்காலத்துக்குள்ள எபிசோட் போயாகணும்ல."

கோவர்த்தன் செல்போனை எடுத்துக்கொண்டு எழுந்து போனான். பீட்டர் அவன் முதுகு கதவைத் தாண்டுகிற வரை பார்த்துவிட்டு ஏற்றினார்.

செப்டம்பர் 13, வெள்ளி

போட்டார்கள். நடுவில் கொசுவர்த்தி விளம்பரம் ஒன்றைச் சொருகி, கீழே ஏதோ நகைக்கடைத் தள்ளுபடியை ஓடவிட்டு, என்னவெல்லாம் பண்ண முடியுமோ பண்ணிப் போட்டார்கள். ஆனாலும் அவர் குரலில் போட்டார்கள். சரசா வீட்டில் உட்கார்ந்து பார்த்தேன். கர்சீப்பை அவள் எடுக்கவே மறந்துவிட்டாள், முந்தானையில் துடைத்துக்கொண்டாள்.

முடிந்ததும் போன் அடிக்க ஆரம்பித்தது. நாத்தனார் மகள், பழைய மேக்கப்மேன், யூனியன் ஆபீஸ் பெண். "துருக்கியில எப்படிம்மா அவ்வளவு அழகா அழுதீங்க! எத்தனை நாள் கத்துக்கிட்டீங்க?" என்று கேட்கிறார்கள்!

என்ன ஜனங்களோ! அந்த அம்மாளின் குரல் ஒரே ஒரு தடவை தமிழ்நாட்டுக்கு வந்திருக்கிறது, அதையும் என் கணக்கில் எழுதுகிறார்கள். ஒவ்வொருவரிடமும் சொன்னேன்: அது நானில்லை. அவங்க பேர் பெல்கிஸ் ஒர்ஹான்லி. சொல்லு பார்ப்போம். திருப்பிச் சொல்லுகிற வரை போனை வைக்கவிடவில்லை. மேக்கப்மேன் மூன்றாவது தடவைதான் சரியாகச் சொன்னார். எனக்குக் குரல் போய்விட்டது.

செப்டம்பர் 16, திங்கள்

ஷாஹிதா நூல் கடைக்குப் போய் எபிசோடை அவருக்குப் போட்டுக் காட்டியிருக்கிறாள். முதலில் என் குரலில் ஹவ்வா, அப்புறம் அவர் குரல். பார்த்தபடியே கையில் இருந்த ஊசியை வைத்துவிட்டாராம். அவர் பேசியதைப் பதிந்து அனுப்பியிருக்கிறாள். துருக்கியில் நல்ல காரமாகப் பேசுகிறார். இடையிடையே ஷாஹிதா தமிழில் சொல்கிறாள்.

"இவங்க யாருன்னு கேக்குறாங்க தில்லைம்மா. நான் விழுங்குற இடத்துல இவங்களும் விழுங்குறாங்களே, யாரு இதுன்னு. கடைசில பேர் ஓடுனப்ப உங்க பேர் எதுன்னு கேட்டாங்க. டப்பிங் பேசுறவங்க பேர் போட மாட்டாங்கன்னு சொன்னேன். அவ்வளவுதான், பிடிச்சுக்கிட்டாங்க! என்கிட்ட சண்டை போடுறாங்க. கடையில நூல் வாங்க வந்தவங்ககிட்டல்லாம் சொல்லிச் சண்டை போடுறாங்க. உங்க முழுப் பேரைக் கேட்டுக்கிட்டாங்க. இந்தாங்க, கேளுங்க."

கொஞ்சம் கரகரவென்று சத்தம். பிறகு அந்தக் குரல். எச்சில் விழுங்குவது கேட்டது.

"தில்... லை... நா... யகி."

மறுபடியும் ஒரு தடவை, நிறுத்தாமல்: "தில்லைநாயகி."

பிறகு ஷாஹிதா: "உங்க கதையையும் சொன்னேன், அந்தப் பழைய படத்துக் கதை. சுகுணாம்மாதான் எனக்குப் போன்ல சொன்னாங்க. கோவிச்சுக்காதீங்க. அந்த அழுகையை உங்க குரல்ல கேக்கணுமாம். அனுப்பச் சொல்றாங்க."

எதை அனுப்புவது? பைலட் ட்ராக்கையெல்லாம் அப்போதே அழித்துவிட்டு அதே டேப்பில் வேறு படத்தைப் பதிந்திருப்பார்கள். எனக்கே வார்த்தைகள் சரியாக நினைவில் இல்லை. 'கதவு இன்னும் சாத்தலையே' என்று ஒரு வரி வரும். அதற்குமேல் வரவில்லை. ராத்திரி பாலைப் பொங்கவிட்டேன்.

செப்டம்பர் 17, செவ்வாய்

ஷாஹிதாவிடம் சொல்லச் சுகுணா யார்? அதைக் கேட்கத்தான் சுகுணாவுக்குப் போன் செய்தேன். பேச்சு வேறு எங்கோ போய்விட்டது.

செப்டம்பர் 18, புதன்

வேலை முடிந்து கோவர்த்தன் போனதும் பீட்டர் பூத் விளக்கை அணைக்காமல் வைத்திருந்தார். நானும் சுகுணாவும் உள்ளே போனோம். இரண்டு பேர் நிற்கிற இடமில்லை அது. அவள் ஸ்கிரிப்ட் வைக்கிற ஸ்டாண்டை நகர்த்திவிட்டு அதன் இடத்தில் நின்றுகொண்டாள்.

அந்தப் பழைய ஒப்பாரி ஒரு வரி விடாமல் அவளுக்கு நினைவிருக்கிறது. போனில் சொல்லச் சொல்ல நேற்றே எழுதிக்கொண்டேன். 'காலையில போனவனே, கதவு இன்னும் சாத்தலையே, ஆக்கி வச்ச சோத்து மேல ஆவி இன்னும் ஆறலையே.' எங்கே மூச்சு, எங்கே விம்மல், எந்த இடத்தில் மார்பில் அடித்துக்கொண்டேன், எல்லாம் சொன்னாள்.

"ரெண்டாவது 'சாத்தலையே'ல உனக்குக் குரலே வரலடி. வெறும் காத்துதான் வந்துச்சு. அதை மட்டும் என்னால பண்ண முடியல. எத்தனையோ டேக் போனேன். கடைசில அந்த இடத்துல மியூசிக் போட்டு மூடினாங்க."

அந்தத் தியேட்டர் இருட்டில் அம்மாவுக்குச் சொல்ல எனக்குப் பதில் ஒன்று இருந்திருக்கிறது. அது சுகுணாவிடம் இருந்திருக்கிறது. யாரைக் கேட்டு எடுத்தார்கள், யாரைக் கேட்டு மூடினார்கள்!

கண்ணாடிக்கு அந்தப் பக்கம் பீட்டர் கையைத் தூக்கினார். சுகுணா தன்னையறியாமல் என்னோடு சேர்ந்து மூச்சு இழுத்தாள்.

"நீ வாயைத் திறக்கக் கூடாது. எங்க மூச்சு, எங்க விம்மல்னு கையால மட்டும் காட்டு" என்றேன்.

தலையை ஆட்டினாள்.

அழுதேன். டாக்டரிடம் சொல்லப்போவதில்லை. இரண்டாவது 'சாத்தலையே'யில் குரல் வரவில்லை. காற்றுதான் வந்தது. எப்போதும் 'எதுக்கும் இன்னொரு சேஃப்டி டேக் போயிடலாம்மா' என்பார் பீட்டர், இன்றைக்குக் கேட்கவில்லை. அங்கிருந்தே இஸ்தான்புல்லுக்கு அனுப்பிவிட்டார்.

என் எதிரே நின்று அழுகை முடிகிற வரைக்கும் கையால் அளந்துகொண்டே இருந்தாள் சுகுணா. கன்னமெல்லாம் நனைந்து, உதடு துடித்துக்கொண்டிருந்தது. வாயைத் திறக்கவில்லை.